பாத்துட்டுத்தான இருக்கேன்

எங்கள் வீட்டில் கிரிக்கெட் சத்தமில்லாமல்தான் ஓடும். டிவியைப் போட்டதும் அப்பா செய்கிற முதல் காரியம் மியூட்டை அழுத்துவது. மீன்தொட்டியைப் பார்ப்பது மாதிரி கட்டிலில் சாய்ந்து பார்த்துக்கொண்டிருப்பார். சச்சின் சிக்ஸ் அடித்தாலும் சரி, கடைசி விக்கெட் விழுந்தாலும் சரி, மைதானத்தில் ஐம்பதாயிரம் பேர் வாயைத் திறந்து மூடுவார்கள், எங்கள் வீட்டில் ஃபேன் சத்தம் மட்டும் கேட்கும். நானும் அக்காவும் சண்டை பிடித்தால் ஒரே பதில்தான்: "பாத்துட்டுத்தான இருக்கேன். அவன் வேற எதுக்குச் சொல்லணும்?"

2018-இல் ஒரு விளையாட்டு சேனலில் தமிழ் வர்ணனை செய்ய எனக்கு வாய்ப்பு வந்தது. முதல் ஆட்டம் முடிந்ததும் ஸ்டூடியோ படிக்கட்டில் உட்கார்ந்து அம்மாவுக்கு போன் போட்டேன். "எப்பிடிம்மா இருந்துச்சு?" அம்மா கொஞ்சம் தயங்கினாள். "உன் பேரு கீழ வந்துச்சுய்யா, பாத்தோம்" என்றாள். எனக்குப் புரிந்துவிட்டது. பெற்ற மகன் பேசுகிறான் என்பதற்காகவும் அப்பா மியூட்டை எடுக்கவில்லை.

அப்பா மியூட் செய்யாத வர்ணனையாளர் ஒருவர்தான். அவர் பெயர் ரிச்சி பெனோ. ஆஸ்திரேலியாக்காரர். அப்பாவுக்கு அவர் பெயரும் தெரியாது, அவர் பேசுகிற ஆங்கிலமும் தெரியாது. அவர் ஏன் அந்த வீட்டில் அனுமதிக்கப்பட்டார், நான் ஏன் அனுமதிக்கப்படவில்லை என்று புரிந்துகொள்ள எனக்குப் பல வருடம் ஆனது.

*

அப்பா கோவில்பட்டியில் ஒரு நூற்பாலையில் 31 வருடம் வேலை பார்த்தார். ரிங் பிரேம் பகுதியில் சைடர். நீளமான மெஷினில் நூற்றுக்கணக்கான ஸ்பிண்டில்கள் சுற்றிக்கொண்டே இருக்கும். இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்துகொண்டே, எங்கே இழை அறுந்திருக்கிறது என்று பார்த்து ஒட்ட வேண்டும். சிறுவயதில் ஆயுத பூஜைக்கு மில்லுக்குள் கூட்டிப்போவார்கள். மெஷின் ஓடாத அந்த ஒரு நாளில் அந்த இடம் கோயில் பிரகாரம் மாதிரி இருக்கும். மற்ற நாட்களில் பக்கத்தில் நிற்பவர் காதுக்குள் வாயை வைத்துக் கத்தினால்தான் கேட்கும். அதனால் யாரும் கத்த மாட்டார்கள். கையாலும் புருவத்தாலும் பேசிக்கொள்வார்கள். டீ குடிக்கப் போகலாமா, சூப்பர்வைசர் வாரான், மக்களுக்குக் காய்ச்சல் தேவலையா, எல்லாம் கையில்தான்.

அந்த வேலையில் காதுக்கு மதிப்பில்லை. கண்தான் சோறு போட்டது. இரைச்சல் முதலில் இடது காதை எடுத்துக்கொண்டது, வலது காதில் பாதியை மிச்சம் வைத்தது. அரை நைட் ஷிப்ட் முடிந்து நள்ளிரவுக்கு மேல் வீட்டுக்கு வருகிற மனிதருக்கு டிவி சத்தம் இன்னொரு மெஷின் சத்தம். இதை நான் அப்போது யோசித்ததே இல்லை. அப்பா உம்மணாமூஞ்சி என்று மட்டும் நினைத்திருந்தேன்.

2003 டிசம்பர். நான் பிளஸ் டூ. இந்தியா ஆஸ்திரேலியாவில் ஆடிக்கொண்டிருந்தது. விடியற்காலையில் எழுந்து படிக்கிறேன் என்று சொல்லிவிட்டு மேட்ச் பார்ப்பேன். அப்பாவும் எழுந்து வந்துவிடுவார். அடிலெய்டில் திராவிட் முதல் இன்னிங்ஸில் 233, இரண்டாவதில் ஆட்டமிழக்காமல் 72 எடுத்து ஜெயித்துக் கொடுத்த டெஸ்ட் அது. வழக்கம்போல மியூட். நடுவில் திரையில் ஒரு கிழவர் வந்தார். வெள்ளை முடி, வெளிர் நிறக் கோட்டு, கீழுதடு கொஞ்சம் முன்னால் துருத்தியிருக்கும். அப்பா ரிமோட்டை என் பக்கம் தள்ளினார்.

"அந்தக் கோட்டுக்காரர் பேசும்போது மட்டும் சத்தம் வைல."

"ஒங்களுக்கு என்ன யப்பா புரியும்?"

"ஒண்ணும் புரியாது. வைல."

வைத்தேன். பந்து போட்டார்கள், திராவிட் தடுத்தார். ஒன்றும் இல்லை. அடுத்த பந்து. ஒன்றும் இல்லை. மட்டையில் பந்து படுகிற சத்தம், பறவைச் சத்தம், கூட்டத்தின் முணுமுணுப்பு. நான்காவது பந்துக்குப் பிறகு ஒரு வாக்கியம் சொன்னார். மறுபடி அமைதி. அப்பா தலையை ஆட்டினார். மில்லில் நன்றாக இழை ஒட்டுகிற புதுப் பையனைப் பார்த்து ஆட்டுவது போல.

"இவருக்கு எப்ப வாய மூடணும்னு தெரியுதுல. இவரும் பாக்காரு."

அந்த கடைசி இரண்டு வார்த்தையை நான் அன்றைக்குக் கவனிக்கவில்லை.

*

டிவி வர்ணனையாளர்களில் பெரும்பாலானவர்கள் ஆட்டத்திலிருந்து ஓய்வு பெற்ற பிறகு, வேறு வேலை இல்லாமல் மைக் பிடித்தவர்கள். பெனோ அப்படி வரவில்லை. 1930-இல் நியூ சவுத் வேல்ஸின் பென்ரித்தில் பிறந்தவர். அப்பா பள்ளி ஆசிரியர், அவரும் லெக் ஸ்பின்னர்தான். உள்ளூர் ஆட்டம் ஒன்றில் எதிரணியின் இருபது விக்கெட்டையும் தானே எடுத்தவர். மகன் கிரிக்கெட் ஆடிக்கொண்டே சிட்னியில் ஒரு பத்திரிகையில் வேலைக்குச் சேர்ந்தார். கணக்குப் பிரிவில் தொடங்கி குற்றச்செய்தி நிருபராகப் போனார். போலீஸ் செய்தி எழுதுகிறவனுக்கு முதல் பாடம், கண்ணால் பார்த்ததையும் காதால் கேட்டதையும் பிரித்து எழுதுவது.

1956-இல் ஆஸ்திரேலிய அணியோடு இங்கிலாந்து போனார். தொடர் முடிந்து மற்றவர்கள் ஊர் சுற்றப் போனபோது அவர் லண்டனில் தங்கி பிபிசியில் தொலைக்காட்சிப் பயிற்சி எடுத்துக்கொண்டார். அப்போது வயது 25. அணியில் இடம்கூட நிலையாகியிருக்கவில்லை. குதிரைப் பந்தயத்துக்கு பீட்டர் ஓசலிவன், கோல்ஃபுக்கு ஹென்றி லாங்ஹர்ஸ்ட், டென்னிஸுக்கு டான் மாஸ்கெல் என்று அன்றைய பெரிய குரல்களிடமிருந்து கற்றுக்கொண்டதாகப் பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார். மூவரும் கிரிக்கெட்காரர்கள் இல்லை என்பது முக்கியம். அவர் படித்தது கிரிக்கெட்டை எப்படிச் சொல்வது என்பதை விட, ஒரு படத்துக்குப் பக்கத்தில் எப்படி உட்கார்ந்திருப்பது என்பதை.

அந்தப் பயிற்சி முடிந்த கையோடு அணி இந்தியா வந்தது. 1956 அக்டோபரில் சென்னை கார்ப்பரேஷன் ஸ்டேடியத்தில் நடந்த டெஸ்டில் பெனோ முதல் இன்னிங்ஸில் 72 ரன் கொடுத்து 7 விக்கெட் எடுத்தார். அன்றைக்கு இந்தியாவில் டிவி என்ற ஒன்றே கிடையாது. டெல்லியில் 1959-இல் பரிசோதனையாகத் தொடங்கி, சென்னைக்கு வர 1975 ஆனது. வரப்போகிற ஒரு பெட்டிக்குள் எப்படிப் பேச வேண்டும், எப்போது பேசக் கூடாது என்று படித்துவிட்டு வந்த ஒருவர், அந்தப் பெட்டியைப் பார்த்தே இராத ஊரில் பந்து வீசிக்கொண்டிருந்தார் என்று நினைத்துக்கொள்வேன். எனக்கு அது பிடித்த சித்திரம்.

மொத்தம் 63 டெஸ்ட், 248 விக்கெட், 2201 ரன். டெஸ்டில் இருநூறு விக்கெட்டும் இரண்டாயிரம் ரன்னும் சேர்த்து எடுத்த முதல் ஆள். 28 டெஸ்டுக்குக் கேப்டனாக இருந்து ஒரு தொடரைக்கூடத் தோற்கவில்லை. 1964-இல் ஆட்டத்தை நிறுத்துவதற்கு முன்பே பிபிசியில் குரல் வரத் தொடங்கிவிட்டது. பிறகு அரை நூற்றாண்டு. இங்கிலாந்துக் கோடையில் பிபிசி, 1999-க்குப் பிறகு சேனல் 4. ஆஸ்திரேலியக் கோடையில் 1977 தொட்டு சேனல் நைன். வருடம் முழுவதும் அவருக்குக் கோடைதான்.

அவருடைய விதி எல்லோருக்கும் தெரிந்ததுதான். திரையில் இருப்பதற்கு மேல் கூட்டிச் சொல்ல ஏதாவது இருந்தால் சொல், இல்லையென்றால் வாயை மூடு. இன்னும் சில உண்டு. ஆடுகிற அணியை "நாம்" என்று சொல்லக் கூடாது. கை நழுவிய கேட்சைத் துயரம், பேரழிவு என்றெல்லாம் சொல்லக் கூடாது. அந்த வார்த்தைகளுக்கு உலகத்தில் வேறு வேலை இருக்கிறது.

1993 ஜூன் 4, ஓல்டு டிராஃபோர்டு. ஆஷஸில் ஷேன் வார்னின் முதல் பந்து. லெக் ஸ்டம்புக்கு வெளியே குத்தி, மைக் கேட்டிங்கைத் தாண்டித் திரும்பி ஆஃப் ஸ்டம்பைத் தட்டியது. அந்தப் பந்து என்ன செய்தது, எந்த விரல், எந்த மணிக்கட்டு, காற்றில் எப்படி உள்ளே மிதந்தது என்று சொல்ல உலகத்திலேயே தகுதியான ஆள் அப்போது மைக் முன்னால் இருந்தார். 248 டெஸ்ட் விக்கெட்டையும் அதே கலையில் எடுத்தவர். ஒரு மணி நேரம் வகுப்பெடுத்திருக்கலாம். செய்துவிட்டான் என்று ஒரு சின்ன வாக்கியம் சொன்னார். நடந்தது என்னவென்று கேட்டிங்குக்கு இன்னும் தெரியவில்லை என்று இன்னொன்று. அவ்வளவுதான். கேட்டிங் ஸ்டம்பைப் பார்த்துக்கொண்டே நின்ற அந்த முகத்தை நம்மைப் பார்க்க விட்டுவிட்டார்.

*

நான் படித்த பள்ளிக்கூடம் வேறு. ஒரு எஃப்எம் ஸ்டேஷனில் ஏழு வருடம் ஆர்ஜே. அங்கே மௌனத்துக்கு டெட் ஏர் என்று பெயர். இரண்டு விநாடி குரலோ பாட்டோ இல்லாமல் போனால் நேயர் அடுத்த ஸ்டேஷனுக்குப் போய்விடுவார், நமக்கு மெமோ வரும். ஏழு வருடத்தில் வாயை மூடத் தெரியாதவனாக என்னைச் செய்துகொண்டேன். அதுதான் என் தகுதி என்று வர்ணனைக்கும் எடுத்தார்கள்.

பயிற்சி மூன்று நாள். வீரர்கள் பெயர் உச்சரிப்பு, ஸ்பான்சர் பெயர் சொல்கிற முறை, விளம்பர இடைவெளிக்கு எப்படி இறங்குவது. ஆட்டம் எங்கேயோ நடக்கும். நாங்கள் நகரத்துக்குள் ஒரு கண்ணாடி அறையில் மானிட்டரைப் பார்த்துப் பேசுவோம். ஆஃப் டியூப் என்பார்கள். கோவில்பட்டியில் கட்டிலில் இருக்கிற அப்பா பார்க்கிற அதே படம்தான் எனக்கும். ஒரு அங்குலம்கூட அதிகம் கிடையாது. காதில் டாக்பேக் வழியே புரொடியூசர் குரல் வந்துகொண்டே இருக்கும்: "எனர்ஜி, எனர்ஜி. டல்லடிக்குது. யாராச்சும் சிரிங்க."

தமிழில் இந்த வேலைக்கு வர்ணனை என்று பெயர் வந்தது வானொலிக் காலத்தில். அந்தக் காலத்துக்கு அது சரியான பெயர். அகில இந்திய வானொலியில் சாத்தான்குளம் அப்துல் ஜப்பார் பேசியதை டீக்கடையில் நின்று கேட்டவர் அப்பா. கேட்பவனுக்கு ஒன்றுமே தெரியாது. பச்சைப் புல்லை, ஓடி வருகிற பந்து வீச்சாளரை, தூரத்து ஃபீல்டரை எல்லாம் சொல்லால்தான் வரைய வேண்டும். டிவியில் படம் ஏற்கெனவே வந்துவிட்டது. அங்கே போய் வர்ணித்துக்கொண்டிருந்தால் எப்படி? ஆனால் பெயர் அப்படியே ஒட்டிக்கொண்டது. நாங்களும் வர்ணித்தோம். சினிமா வசனம், பட்டப்பெயர், மாமியார் மருமகள் ஜோக். நான் அதில் கெட்டிக்காரன் என்று பெயரெடுத்தேன். நான் சொன்ன சில வரிகள் மீமில் வந்தன. ஊரில் பெருமையாக இருந்தது. பஸ் ஸ்டாண்டில் ஒருத்தன் செல்ஃபி எடுத்தான்.

இரண்டாவது சீசனில் ஒரு டி20 ஆட்டம். பதினேழாவது ஓவர். இருபது வயதுகூட ஆகாத ஒரு வேகப்பந்து வீச்சாளன். முதல் பந்து போட்டுவிட்டுக் கால் வைக்கும்போது லேசாகச் சறுக்கினான். எழுந்து போனான். அடுத்தது வைடு. அதற்கடுத்ததும் வைடு. "தம்பி ஆட்டோ புடிச்சு அடுத்த தெருவுக்கே போயிட்டாரு" என்றேன். கூட இருந்தவர்கள் சிரித்தார்கள். டாக்பேக்கில் "சூப்பர், கீப் கோயிங்" என்று வந்தது. இன்னொரு பந்து போட்டுவிட்டு அவன் பிட்ச் ஓரத்தில் உட்கார்ந்துவிட்டான். எனக்கு அடுத்த வரி தயாராக இருந்தது. "இது கால் வலியா, கேப்டன் முகத்தப் பாத்ததும் வந்த வலியா?" என்றேன்.

அறையே சிரித்தது. பிறகு இரண்டு பேர் அவனைத் தாங்கிக் கூட்டிப்போனார்கள். நாங்கள் விளம்பரத்துக்குப் போனோம்.

மறுநாள் காலையில் அப்பா போன் செய்தார். அவராக எனக்குப் போன் செய்வது வருடத்தில் இரண்டு தடவை இருக்கலாம்.

"நேத்து அந்தப் பையனுக்கு என்னாச்சுல? கணுக்கால்தான?"

"தெரியல யப்பா. ஸ்கேன் எடுக்கணும்னாங்க."

"மொதப் பந்துலயே அடிபட்டாச்சே. மடிஞ்சுச்சு பாரு, உள்பக்கமா. அப்புறம் மூணு பந்தும் வலியோடதான் போட்டான். ஓடி வரும்போதே ஒரு பக்கமாச் சாஞ்சான். நீங்க யாரும் பாக்கலியாக்கும்?"

நான் பதில் சொல்லவில்லை.

"நீ என்ன சொன்ன அப்போ?"

"ஒண்ணும் சொல்லல யப்பா."

அன்று பிற்பகல் ஹைலைட்ஸைச் சத்தமில்லாமல் போட்டுப் பார்த்தேன். கணுக்கால் மடிவது நன்றாகவே தெரிந்தது. எழுந்ததும் அவன் ஒருமுறை வலது கையால் தொடையைப் பிடித்துக்கொள்கிறான். வைடு போடுகிற பந்துகளில் முன்காலை முழுதாக ஊன்றவே இல்லை. மூன்று முறை முகத்தைச் சுளிக்கிறான், கேமரா மூன்று முறையும் அவன் முகத்துக்குப் போயிருக்கிறது. கேமராக்காரர் பார்த்திருக்கிறார். மில்லில் 31 வருடம் அறுந்த இழை தேடியவர் பார்த்திருக்கிறார். படத்தைப் பற்றிப் பேசச் சம்பளம் வாங்கியவன் அடுத்த ஜோக்கை யோசித்துக்கொண்டு மானிட்டரை வெறித்திருக்கிறான்.

அந்தத் துண்டு வைரலானது. என் வசனத்தைப் பெரிய எழுத்தில் மேலே போட்டிருந்தார்கள். மியூட் செய்தாலும் படிக்கலாம். பக்கத்து வீட்டுப் பையன் அப்பாவுக்குக் காட்டினான் என்று அம்மா பிறகு சொன்னாள். அப்பா அதைப் பற்றி என்னிடம் இன்று வரை பேசவில்லை. ஒண்ணும் சொல்லல என்று நான் சொன்ன பொய்யைப் பற்றியும் பேசவில்லை.

அந்தப் பையன் அந்த சீசனில் மறுபடி ஆடவில்லை. நம்பர் வாங்கி, மன்னிப்புக் கேட்டு நீளமாக ஒரு மெசேஜ் அனுப்பினேன். நான்கு நாள் கழித்துப் பதில் வந்தது. "பரவால்லண்ணா. நான் அந்த கிளிப்ப பாக்கல. அம்மா பாத்தாங்க."

*

அதற்குப் பிறகுதான் பெனோவை ஒழுங்காகத் தேடிப் பார்க்க ஆரம்பித்தேன். மௌனத்துக்காகப் புகழ் பெற்றவர் என்ற கதையோடுதான் போனேன். கிடைத்த ஆள் கொஞ்சம் வேறு.

1981 பிப்ரவரி 1, மெல்போர்ன். கடைசிப் பந்தில் சமன் செய்ய நியூசிலாந்துக்கு ஆறு ரன் தேவை. ஆஸ்திரேலியக் கேப்டன் கிரெக் சேப்பல் தன் தம்பி டிரெவரைப் பந்தை உருட்டிவிடச் சொன்னார். உருட்டினார். பிரையன் மெக்கெக்னி தடுத்துவிட்டு மட்டையைத் தூக்கி எறிந்தார். அன்றைய ஒளிபரப்பை முடித்துவைக்கக் கேமரா முன் வந்த பெனோ, இது வெட்கக்கேடு, கிரிக்கெட் மைதானத்தில் தான் பார்த்த மிக மோசமான காரியங்களில் ஒன்று என்று சொன்னார். குரலை உயர்த்தவில்லை. குற்றம் சாட்டப்பட்டது அவருடைய சொந்த நாட்டின் கேப்டன். ஆஸ்திரேலியர்கள் அதை இன்றும் ஞாபகம் வைத்திருப்பதற்குக் காரணம், சொன்னவர் அதுவரை பெரிய வார்த்தைகளைச் செலவழிக்காமல் வைத்திருந்தவர் என்பதுதான். நான் ஒரு ஓவருக்கு மூன்று தடவை "அநியாயம்" என்று சொல்லிக்கொண்டிருந்தவன். நிஜமான அநியாயம் ஒன்று வந்திருந்தால் என்னிடம் வார்த்தை இருந்திருக்காது.

அவர் ஒதுங்கி நின்ற முனிவரும் இல்லை. 1977-இல் கெர்ரி பேக்கர் வாரியத்தை எதிர்த்து உலகத்தின் பெரிய ஆட்டக்காரர்களை விலைக்கு வாங்கி வேர்ல்டு சீரிஸ் கிரிக்கெட் தொடங்கியபோது, பெனோவும் மனைவி டாஃப்னியும் அதற்கு ஆலோசகர்கள். பழைய கிரிக்கெட் வட்டாரத்தில் துரோகி என்று பார்க்கப்பட்டார். இரவு ஆட்டம், வண்ண உடை, மைதானத்தின் இரண்டு பக்கமும் கேமரா என்று இன்றைக்கு நாம் பார்க்கிற டிவி கிரிக்கெட் பெருமளவு அங்கிருந்து வந்தது. அதுவரை ஒரு பக்கம்தான் கேமரா. ஒரு ஓவர் விட்டு ஒரு ஓவர் பேட்ஸ்மேனின் முதுகைத்தான் பார்க்க முடியும். கிரிக்கெட்டைக் காட்சியாக்கி விற்ற வியாபாரத்தில் அவர் நடுவில் இருந்தார். என் புரொடியூசர் கேட்ட "எனர்ஜி"க்கு ஒரு வகையில் அதுவும் மூதாதை. இதை மறைத்துவிட்டு அவரைப் பற்றி எழுதினால் பொய்யாகிவிடும். கேமரா கூடக் கூட தான் பேச வேண்டியது குறைகிறது என்று எடுத்துக்கொண்டார் அவர். நாங்கள் முப்பது கேமராவை வைத்துக்கொண்டு நாலு பேர் பேசினோம்.

2005 செப்டம்பர், ஓவல் மைதானம். அந்த ஆஷஸோடு இங்கிலாந்தில் டெஸ்ட் ஒளிபரப்பு கட்டணச் சேனலுக்குப் போகிறது. எல்லோரும் இலவசமாகப் பார்க்கிற கிரிக்கெட்டில்தான் பேசுவேன் என்று பெனோ அங்கே தன் வேலையை முடித்துக்கொள்கிறார். கடைசி நேரம். நாற்பத்திரண்டு வருட டிவி வாழ்க்கைக்கு நன்றி சொல்லிக்கொண்டிருக்கிறார். பாதி வாக்கியத்தில் மெக்ராத் பந்தில் கெவின் பீட்டர்சன் போல்டு, 158. பெனோ தன் விடைபெறலை அப்படியே நிறுத்தி விக்கெட்டைச் சொல்கிறார். பீட்டர்சனின் ஆட்டத்தைப் பாராட்டுகிறார். பிறகு விட்ட இடத்துக்கு வந்து முடித்துக்கொள்கிறார். நாற்பது முறையாவது அதைப் பார்த்திருப்பேன். தன்னைப் பற்றிப் பேச அவருக்குக் கிடைத்த ஒரே ஒரு நிமிடம். அந்த நிமிடத்திலும் கண் மைதானத்தில் இருந்திருக்கிறது. அப்பா சொன்ன "இவரும் பாக்காரு" இதுதான்.

*

நானும் முயன்று பார்த்தேன். அந்த சீசனின் கடைசி ஆட்டங்களில் ஒன்றில், ஒரு ஓவர் முழுக்கத் தேவையில்லாமல் எதுவும் பேசுவதில்லை என்று முடிவெடுத்தேன். கூட இருந்தவர்களிடமும் சொல்லிவைத்தேன். மூன்றாவது பந்தில் டாக்பேக் அலறியது. "ஆடியோ போயிடுச்சா? மைக் செக். ஹலோ, மைக் செக்!" கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒரு பையன் வயரைப் பிடித்து ஆட்டிக்கொண்டிருந்தான்.

இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது. அவர்களைக் குறை சொல்லவும் முடியாது. பெனோ பேசாமல் இருந்தால், ஏதோ ஒன்றைச் சொல்லாமல் வைத்திருக்கிறார் என்று பார்ப்பவனுக்குத் தெரியும். அந்த மௌனத்துக்குப் பின்னால் 63 டெஸ்ட் இருந்தது. நான் பேசாமல் இருந்தால் வயர் கழன்றுவிட்டது என்றுதான் அர்த்தம். தமிழில் டிவி போட்டு வைத்துவிட்டு அடுப்படியில் வேலை பார்க்கிறவர்கள், தனியாக ரூமில் இருந்து பார்க்கிற பசங்கள், அவர்களுக்குப் பக்கத்தில் ஒருத்தன் பேசிக்கொண்டிருப்பது ஒரு துணை. அது தப்பான ஆசை இல்லை. மௌனம் எனக்கு வாய்க்காது. பார்ப்பது வாய்த்திருக்கலாம், அதற்கு டெஸ்ட் ஆடியிருக்க வேண்டியதில்லை. அதைத்தான் நான் செய்யவில்லை.

அடுத்த சீசனுக்குக் கூப்பிடவில்லை. இப்போது விளையாட்டு வீடியோக்களுக்கு எழுதிக் கொடுக்கிறேன். பாதி நாள் கோவில்பட்டியில் இருந்துகொண்டே செய்கிற வேலை.

பெனோ 2013 அக்டோபரில் சிட்னியில் தன் பழைய சன்பீம் காரை ஓட்டிப்போய்ச் சுவரில் மோதினார். மார்பெலும்பும் முதுகெலும்பும் முறிந்தன. வர்ணனை அறைக்கு அவர் திரும்பவில்லை. அடுத்த வருடம் தோல் புற்றுநோய் என்று அறிவித்தார். ஆடிய காலத்தில் தொப்பி போடாமல் இருந்ததைச் சொல்லி, பிள்ளைகள் தொப்பி போட வேண்டும் என்றார். அந்த நவம்பரில் பவுன்சர் பட்டு ஃபில் ஹியூஸ் இறந்தபோது, அடிலெய்டு டெஸ்டில் காட்டிய அஞ்சலிப் படத்துக்குக் குரல் கொடுத்தது பெனோதான். அந்த மௌனத்துக்குள் யாரைப் பேச விடலாம் என்றால் அந்த நாட்டுக்கு வேறு ஆள் தோன்றவில்லை. 2015 ஏப்ரல் 10 அன்று, 84 வயதில் இறந்தார். அரசு மரியாதை வேண்டாம் என்று குடும்பம் சொல்லிவிட்டது.

அன்று நான் அப்பாவிடம் போனில் சொன்னேன். "யப்பா, அந்தக் கோட்டுக்காரர் போயிட்டாரு." "யாரு?" என்றார். சொன்னேன். கொஞ்ச நேரம் ஒன்றும் கேட்கவில்லை. லைன் கட்டாகிவிட்டதோ என்று பார்த்தேன்.

*

அப்பாவுக்கு இப்போது குளுக்கோமா. தெரிந்தபோது பாதிக்கு மேல் போய்விட்டது. ஓரங்கள் முதலில் போயின. டிவியில் பச்சையும் அசைகிற வெள்ளையும் தெரிகிறது, ஆள் தெரியவில்லை. அதனால் மேட்ச் இருக்கும் நாட்களில் நான் கட்டிலில் அவருடைய வலது பக்கம், கேட்கிற காது பக்கம், உட்கார்ந்துகொள்கிறேன். டிவி இப்போதும் மியூட்தான். "சொல்லுல" என்பார். சொல்வேன். கூடப் பேசினால் கையைத் தூக்குவார். அது மில் பாஷையில் போதும்.

முதல் சில நாட்கள் பழைய குரலில் சொன்னேன். கையைத் தூக்கிக்கொண்டே இருந்தார். அவருக்கு வேண்டியது வேறு. ஸ்லிப்பில் எத்தனை பேர் நிற்கிறார்கள். பேட்ஸ்மேன் முன்னால் வந்து ஆடினானா, பின்னால் போனானா. அடிபட்டவன் எந்தக் காலை ஊன்றுகிறான். பதில் சொல்ல நான் பார்க்க வேண்டியிருக்கிறது. ஏழு வருடம் எஃப்எம், இரண்டு சீசன் டிவி. இவ்வளவு கவனமாக ஒரு பந்தை நான் பார்த்ததே இல்லை. எல்லோரும் பார்க்கிற படத்துக்கு வர்ணனை தேவையில்லை என்று அப்பாதான் சொன்னார். அந்தப் படம் தெரியாமல் போன பிறகு அவருக்கே வர்ணனை தேவைப்படுகிறது. கேட்பவருக்கு எது இல்லையோ அதைக் கொடுப்பதுதான் மொத்த வேலையும். பெனோ சொன்னதும் இதுதான் என்று நினைக்கிறேன்.

2025 ஜனவரி, சிட்னி டெஸ்ட், இரண்டாம் நாள். அப்பா மாத்திரை போட்டுவிட்டுச் சாய்ந்திருந்தார். உணவு இடைவேளைக்குப் பிறகு பும்ரா ஒரு ஓவர் போட்டுவிட்டு வெளியே போனார்.

"பும்ரா வெளிய போறாரு யப்பா."

"எப்பிடிப் போறான்?"

பார்த்தேன். திரையை விட்டு அவர் மறைகிற வரை பார்த்தேன்.

"நடந்துதான் போறாரு. யாரும் புடிக்கல. நொண்டல."

"என்னவாம்?"

"தெரியல யப்பா."

"தெரியலன்னா தெரியலன்னு சொல்லு. போதும்."

கையைத் தூக்கவில்லை. வாயால் சொன்னார். அதற்குப் பிறகு அந்த ஓவர் முடிகிற வரை நாங்கள் இரண்டு பேரும் ஒன்றும் பேசவில்லை. ஃபேன் ஓடிக்கொண்டிருந்தது.